ஓய்வு நாளில் பிறந்த படம்

1962 மே மாதம். அல்ஜீரியப் போர் அப்போதுதான் ஓய்ந்திருந்தது. பாரிஸ் மக்களின் மனத்தில் என்ன ஓடுகிறது என்று தெருத்தெருவாகக் கேட்டு, 'லெ ஜோலி மே' என்ற ஆவணப்படத்தை எடுத்துக்கொண்டிருந்தார் கிறிஸ் மார்க்கர். படக்குழுவுக்கு விடுமுறை விட்ட நாட்களிலும் அவருக்குக் கை சும்மா இருக்கவில்லை. பென்டாக்ஸ் கேமராவைத் தூக்கிக்கொண்டு வேறொரு கதையைப் புகைப்படம் புகைப்படமாக எடுத்தார். கதை தனக்கே முழுதாகப் பிடிபடவில்லை, எடிட்டிங் மேசையில்தான் துண்டுகள் ஒன்றுசேர்ந்தன என்று பிற்பாடு அவரே சொல்லியிருக்கிறார். 28 நிமிடம் ஓடும் 'லா ஜெத்தே' பிறந்தது இப்படித்தான்.

மூன்றாம் உலகப் போரில் பாரிஸ் அழிந்துவிட்டது. மிஞ்சியவர்கள் சுரங்கங்களில் வாழ்கிறார்கள். சிறுவயதில் ஓர்லி விமான நிலையத்து மேடையில் பார்த்த ஒரு பெண்ணின் முகத்தை மறக்க முடியாத கைதி ஒருவனைக் கடந்த காலத்துக்கு அனுப்பிப் பரிசோதிக்கிறார்கள். பரிசோதகர்கள் முணுமுணுப்பது ஜெர்மன் மொழியில். ஜெர்மானியர் பிடியிலிருந்து பாரிஸ் விடுபட்டு அப்போது 18 ஆண்டுகள்தான் ஆகியிருந்தன; அன்றைய பார்வையாளர்களுக்கு விளக்கம் தேவைப்பட்டிருக்காது. தலைமைப் பரிசோதகராக வருபவர் பெல்ஜியத் திரைப்படக் காப்பகத்தின் அன்றைய பொறுப்பாளர் ழாக் லெதூ. பழைய படங்களைக் காப்பவரையே பழைய நினைவைத் தோண்டுபவராக்கியது மார்க்கரின் குறும்பு.

கையில் காசில்லை, அதனால் புகைப்படம் என்பார்கள். காசு இருந்திருந்தால் படம் கெட்டிருக்கும் என்பது என் கட்சி. நினைவில் தங்கிய முகம் நடந்து திரிவதில்லையே!

ஒரே ஒரு இடத்தில் மட்டும் படம் அசைகிறது. அந்தப் பெண் உறங்குகிறாள். ஒரு புகைப்படம் கரைந்து அடுத்ததாகிறது, தலை சற்றுத் திரும்பியிருக்கிறது. பறவைகளின் இரைச்சல் ஏறிக்கொண்டே போகிறது. சட்டென்று அவள் கண் திறந்து, நம்மைப் பார்த்து இமைக்கிறாள். சில விநாடிகள்தாம். இதற்காகவே ஒரு சினிமா கேமராவை இரவல் வாங்கியிருந்தார் மார்க்கர். நடித்தவர் எலேன் ஷாத்லேன்.

1963இல் ழான் விகோ பரிசு கிடைத்தது. 1995இல் டெர்ரி கில்லியம் இந்தக் கதையைத் தழுவி 'ட்வெல்வ் மங்கீஸ்' எடுத்தார். அதைப் பார்த்தவர்களுக்கு முடிவு தெரிந்திருக்கும். பார்க்காதவர்கள் முதலில் மார்க்கரின் படத்தைப் பாருங்கள். அரை மணிகூட ஆகாது.