ராணிப் படையில் ஜானகி பார்த்த போர்

சேர்வராயன் மலையடிவாரத்துச் சேலம் மாவட்டத்திலிருந்தும், திருச்சி, தஞ்சை, வட ஆர்க்காட்டிலிருந்தும் ஒரு காலத்தில் மலாயா ரப்பர் தோட்டங்களுக்குக் கப்பல் கப்பலாக ஆட்கள் போனார்கள். 1943-ல் நேதாஜி தொடங்கிய ஜான்சி ராணிப் படையில் பெரும்பாலோர் அப்படிப் போன குடும்பங்களின் பெண்பிள்ளைகள். பலர் இந்தியாவைக் கண்ணால்கூடப் பார்த்ததில்லை.

ஜானகி தேவர் தோட்டத்துப் பெண் அல்ல. கோலாலம்பூரில் வசதியான வீடு, வயது 18. நேதாஜி பேசிய கூட்டத்துக்குப் போனவர், காதில் கிடந்த தோட்டைக் கழற்றிக் கொடுத்துவிட்டார். வீட்டில் என்ன நடந்திருக்கும் என்று சொல்லவா வேண்டும்! படையில் சேர அப்பாவின் கையெழுத்து தேவை. கேப்டன் லட்சுமியே நேரில் வந்து பேசிய பிறகுதான் அது கிடைத்தது.

சிங்கப்பூர் முகாமில் துப்பாக்கிப் பயிற்சி. அப்புறம் பர்மா. 1944-ல் இம்பால் போர் நடந்தபோது அந்தப் பெண்களும் முன்னணியில் நின்று சுட்டார்கள் என்று இன்றைக்கும் பலர் எழுதுகிறார்கள். அது சரியல்ல. வேரா ஹில்டெபிராண்ட் என்ற ஆய்வாளர், உயிரோடிருந்த ராணிகளைத் தேடிப்பிடித்து, தள்ளாத வயதில் அவர்கள் சொன்னதைக் கேட்டு 2016-ல் ஒரு புத்தகம் வெளியிட்டார். போர்முனைக்குத் தங்களை அனுப்பவில்லை என்று அந்தப் பாட்டிகளே சொல்லியிருக்கிறார்கள். பெருமைக்காகக் கூட்டிச் சொல்லியிருக்கலாம், கேட்பவர்களும் நம்பியிருப்பார்கள். ஆனால் சொல்லவில்லை.

அதற்காக அவர்கள் போரையே பார்க்கவில்லை என்று முடிவு கட்டுவது இன்னும் பெரிய தப்பு. 1945 ஏப்ரலில் பிரிட்டிஷ் படை நெருங்கிவர, ரங்கூனைக் காலி செய்ய வேண்டியதாயிற்று. ஊர் திரும்பிய பெண்கள் போன ரயில் வழியில் தாக்கப்பட்டது. ஸ்டெல்லா, ஜோசபின் என்ற இருவர் இறந்தார்கள்.

ஜானகியின் குழு நேதாஜியோடு கிளம்பியது. பகலில் விமானம் வந்து சுடும் என்பதால் மறைந்திருந்து, இரவில் நடை. சேறு, மழை, சித்தாங் ஆறு. பெண்களை விட்டுவிட்டுக் காரில் போக நேதாஜி மறுத்துவிட்டார். ஒரு நாள் அவர் பூட்ஸைக் கழற்றியபோது கால் முழுக்கக் கொப்புளம். பாங்காக் போய்ச் சேர ஏறக்குறைய மூன்று வாரம் ஆயிற்று.

போருக்குப் பின் ஜானகி ஆதிநாகப்பனை மணந்தார், மலேசிய இந்தியர் காங்கிரசின் தொடக்ககால உறுப்பினரானார், செனட்டராகவும் இருந்தார். 2000-ல் இந்தியா பத்மஸ்ரீ கொடுத்தது. 2014-ல் காலமாகும்போது வயது 89. பேட்டி காண வந்தவர்களிடம் பல்லாண்டுகளுக்குப் பிறகும் அவர் சொன்ன கதைகளில், அந்த நடையும் நேதாஜியின் கொப்புளக் கால்களும் இருந்தன.