பனிநாட்டுத் தாய்மாரின் வழக்கு

குழந்தைக்குத் தாய்ப்பாலினுஞ் சிறந்த உணவு வேறில்லை என்பது யாவரும் ஒப்பிய உண்மை. அப்பாலிலேயே நஞ்சு கலந்திருப்பின் அக்குற்றம் யாரைச் சாரும்? இவ்வினாவை உலகத்தார்முன் எழுப்பியவர்கள், வடதுருவத்தை அடுத்த பனிநாடுகளில் வாழும் இனுயிட் மக்களாவர்.

பயிர் விளையாத அந்நாட்டில் கடல்நாயும் திமிங்கிலமும் மீனுமே அவர்தம் பழைய உணவு. 1980-களில், கனடாவின் கியூபெக் மாகாணத்து வடகோடியாகிய நூனவிக் பகுதித் தாய்மாரின் பாலை ஆராய்ச்சியாளர் சோதித்தனர். மின்கருவிகளில் வழங்கிய 'பிசிபி' என்னும் இரசாயனப் பொருள், தென்பகுதித் தாய்மாரிடத்தைவிட ஏறக்குறைய 5 மடங்கு மிகுந்திருக்கக் கண்டனர். ஆலைகள் நிறைந்த தெற்கிலன்றோ அது மிகுந்திருத்தல் வேண்டும்!

தூரதேசங்களில் வழங்கிய பிசிபி, டிடிடி முதலியன ஆவியாகிக் காற்றோடு சென்று குளிர்நாட்டிற் படிகின்றன. மீனிலிருந்து கடல்நாய்க்கு ஏறி, கொழுப்பிலே திரண்டு, முடிவில் மனிதரை அடைகின்றன.

இனுயிட் மக்கள் வாளாவிருந்தாரில்லை. 1977-ல் தோன்றிய அவர்தம் பேரவையின் சார்பில், ஷீலா வாட்-குளூட்டியே என்னும் அம்மையார் நாடுகளின் பேச்சுவார்த்தையில் வாதாடினார். மலேரியாக் கொசுவை ஒழிக்க ஏழை வெப்பநாடுகளுக்கு டிடிடி அப்போது வேண்டியிருந்தது. தம் குழந்தை பிழைக்க, பிறநாட்டுத் தாய் தன் குழந்தையை இழத்தல் கூடாதென அவ்வம்மையார் நின்றார். 2001-ல் ஸ்டாக்ஹோமில் கையெழுத்தாகி 2004-ல் அமலுக்கு வந்த உடன்படிக்கை, நஞ்சுகள் பலவற்றைத் தடுத்து, நோய்க்கொசுவை ஒழிப்பதற்கு மட்டும் டிடிடிக்கு இடம்விட்டது. மலேரியாவுக்கு மக்களைப் பறிகொடுத்த தோட்டங்களின் வழிவந்த நாம் அப்பெருந்தன்மையை எளிதில் உணரலாம்.

நஞ்சோடு வெப்பமும் சேர்ந்தது. 1979 முதல், உலகச் சராசரியினும் ஏறக்குறைய 4 மடங்கு விரைவாக வடதுருவப் பகுதி சூடேறியுள்ளது. கடற்பனி மெலியவே, முதியோர் கற்பித்த வேட்டைவழிகள் ஆபத்தாயின. புகையைக் கட்டுப்படுத்தத் தவறியதென ஐக்கிய அமெரிக்காவின்மீது, 2005 டிசம்பரில் அவ்வம்மையாரும் இனுயிட் மக்கள் 62 பேரும் அமெரிக்க நாடுகளுக்கிடையிலான மனித உரிமை ஆணையத்தில் முறையிட்டனர். 2006-ல் ஆணையம் அதனை ஏற்க மறுத்தது. 2007-ல் அவர்தம் கூற்றைக் கேட்க மட்டும் இசைந்தது.

எனினும் வழக்கு வீணென்று கூறோம். தடைகளின் பயனாக நூனவிக் பெண்டிர் உடலிற் பிசிபி பெரிதுங் குறைந்துள்ளது. நஞ்சு செய்வோர் ஒருவர், உண்போர் வேறொருவர் என்பது விதியன்று. மனிதர் வகுத்த முறையே. மனிதர் வகுத்ததை மனிதரே மாற்றலாம்.