ஒரு நாழிகை

எங்கள் புதுக்கோட்டைச் சீமையின் பழைய வண்டிப்பாதை ஓரங்களில் சுமைதாங்கிக் கற்கள் இன்னும் சில நிற்கின்றன. நட்டுவைத்த இரண்டு கற்கள், அவற்றின்மேல் குறுக்கே ஒரு பலகைக்கல். தலைச்சுமையோடு சந்தைக்குப் போகிறவர்கள் அடுத்தவர் கை உதவியில்லாமல் சுமையை இறக்கி வைக்கவும் திரும்பத் தூக்கிக்கொள்ளவும் தோதான உயரம். பிள்ளையை வயிற்றில் வைத்துக்கொண்டே இறந்துபோன பெண்ணின் நினைவாக அவள் வீட்டார் இதை நடுவார்கள். சுமையை இறக்காமலே போய்விட்டவளுக்கு, வழிப்போக்கர் இறக்கிவைக்கும் ஒவ்வொரு சுமையும் ஆறுதல் என்பது நம்பிக்கை. போரில் விழுந்தவனுக்கு நட்ட கல்லில் பெயரும் உருவமும் பொறித்தார்கள். சுமைதாங்கிகள் பலவற்றில் ஓர் எழுத்துகூட இல்லை.

அப்படிச் செத்த பெண்களில் பலரை இன்றைக்குச் சிசேரியன் காப்பாற்றியிருக்கும். ஆனால் அந்தச் சிகிச்சையே தாயைக் காப்பாற்றப் பிறந்ததில்லை. ஜூலியஸ் சீசர் அப்படிப் பிறந்ததால்தான் இந்தப் பெயர் என்று நாமெல்லாம் கேட்டு வளர்ந்திருக்கிறோம். சீசரின் தாய் அவுரேலியாவோ மகன் படை நடத்தும் வயதுவரை உயிரோடு இருந்தவள். வயிற்றைக் கீறியபின் ஒருத்தி அத்தனை காலம் வாழ்வது அன்றைய ரோமில் நடக்கக்கூடியதில்லை. ரோமில் இருந்தது ஒரு சட்டம்: கர்ப்பிணி இறந்தால் சிசுவை வெளியே எடுக்காமல் புதைக்கக் கூடாது. நம் பக்கத்துச் சுசுருத சம்ஹிதையும், தாய் திடீரென்று இறந்து வயிற்றில் துடிப்புத் தெரிந்தால் உடனே கீறிக் குழந்தையை எடுக்கச் சொல்கிறது. ஹேமசந்திரரின் சமண நூல் சொல்லும் பிந்துசாரன் கதையில், நஞ்சுண்டு சாகும் அரசியின் வயிற்றைச் சாணக்கியன் பிளக்கிறான். மௌரிய வம்சத்துக்கு வாரிசு கிடைக்கிறது. குழந்தையின் தலையில் பட்ட நஞ்சுத் துளியே அதற்குப் பெயராகவும் ஆகிறது.

தமிழில் இதைவிடக் கொடிய கதை ஒன்று இருக்கிறது. பக்தி இலக்கிய வகுப்பில் அதை நடத்தும்போது மாணவிகள் முகத்தை நான் பார்ப்பதுண்டு. பெரியபுராணத்தில் கோச்செங்கட்சோழன் பிறக்கும் இடம் அது. அரசி கமலவதிக்கு வலி எடுத்துவிட்டது. இன்னும் ஒரு நாழிகை கழித்துப் பிறந்தால் பிள்ளை மூவுலகும் ஆள்வான் என்கிறார்கள் கணியர்கள். தன் காலைக் கட்டித் தலைகீழாகத் தொங்கவிடச் சொல்கிறாள் கமலவதி. நாழிகை கழிந்தபின் கட்டவிழ்க்கிறார்கள். பிள்ளை சிவந்த கண்களோடு பிறக்கிறது. அதை ஒருமுறை பார்த்து அழைத்துவிட்டு அவள் இறந்துபோகிறாள். பிள்ளை எழுபதுக்கு மேல் கோயில் கட்டியது என்று புகழ் வளர்ந்தது. கமலவதி அந்த நாழிகையோடு முடிந்துவிடுகிறாள். அவளே கேட்டுக்கொண்டாள் என்று காவியம் சொல்வதை நான் அப்படியே எடுத்துக்கொள்வதில்லை. இப்படிப்பட்ட ‘விருப்பங்களை’ வீடுகளில் நிறையப் பார்த்தாயிற்று.

ஒரு நாழிகை என்பது 24 நிமிடம். இந்தக் கணக்கை மறந்துவிடாமல் இருங்கள்.

தாயும் பிழைக்க வேண்டும் என்று அறுவைச் சிகிச்சை நினைக்கத் தொடங்கியது வெகு தாமதமாகத்தான். 1826இல் கேப்டவுனில் ஜேம்ஸ் பாரி என்ற இராணுவ மருத்துவர் செய்த சிசேரியனில் தாய், பிள்ளை இருவரும் பிழைத்தார்கள். 1865இல் பாரி இறந்தபின்தான் அந்த உடல் பெண்ணுடல் என்று வெளியே தெரிந்தது. பெண்களுக்கு மருத்துவக் கல்லூரிக் கதவு திறக்காத காலத்தில் ஆண் பெயரோடு படித்து, கடைசிவரை ஆணாகவே வாழ்ந்தவர் அவர்.

பாரியின் கைக்கு வாய்த்தது எல்லோருக்கும் வாய்க்கவில்லை. கீறிய கருப்பையைத் தைக்காமலே விட்டுவிடுவது அன்றைய வழக்கம். தானாகச் சுருங்கி மூடிக்கொள்ளும் என்று நம்பினார்கள். உள்ளே போட்ட தையலைப் பிறகு பிரிக்க முடியாதே என்ற பயமும் இருந்தது. பெண்கள் இரத்தப்போக்கிலும் சீழிலும் செத்தார்கள். 1876இல் இத்தாலியின் பாவியா நகரில் எதுவார்தோ போர்ரோ, குழந்தையை எடுத்த கையோடு கருப்பையையும் அகற்றி ஜூலியா கவல்லீனி என்ற இளம்பெண்ணைப் பிழைக்கவைத்தார். உயிருக்கு விலை கருப்பை. 1882இல் ஜெர்மனியின் மாக்ஸ் சேங்கர் கருப்பையைத் தைக்க வேண்டும் என்று காட்டினார். ஒரு தையல், அவ்வளவுதான். அதற்கு இத்தனை நூற்றாண்டு ஆகியிருக்கிறது. பிறகு கிளாஸ்கோவின் மன்ரோ கெர் 1920களில் கருப்பையின் கீழ்ப்பகுதியில் குறுக்காகக் கீறும் முறையைப் பரப்பினார். இரத்தம் குறைவாகப் போகும், தழும்பு உறுதியாக ஆறும், அடுத்த பேறுகாலத்தில் பிளந்துகொள்ளும் ஆபத்தும் குறையும். இன்று நமக்குச் செய்வது பெரும்பாலும் இந்த முறைதான். இரத்தம் ஏற்றுவதும் பெனிசிலினும் வந்தபின் இது அன்றாடச் சிகிச்சை ஆனது.

சிகிச்சை இருந்தால் போதுமா? வாசலைத் தாண்ட யார் விடுவார்கள்? 1890களில் திண்டிவனத்தில் ஒரே இரவில் மூன்று வீட்டு ஆண்கள், மனைவியின் பிரசவத்துக்கு உதவி கேட்டு இளம்பெண் ஐடா ஸ்கடரிடம் வந்தார்கள். அவர் அப்போது மருத்துவம் படித்தவரில்லை. அவருடைய தந்தை மருத்துவர், ஆனால் ஆண். ஆண் மருத்துவர் உள்ளே வருவதைவிட அவள் சாகட்டும் என்று திரும்பிப் போனார்கள். மூன்று பெண்களும் இறந்தார்கள். ஐடா அதன்பிறகு மருத்துவம் படித்து வந்து வேலூரில் மருத்துவமனை எழுப்பினார். எங்கள் ஊர்ப் பெண் முத்துலட்சுமி, 1886இல் புதுக்கோட்டையில் பிறந்தவர், எதிர்ப்புகளுக்கு நடுவே இங்கே மன்னர் கல்லூரியில் படித்து, 1912இல் சென்னை மருத்துவக் கல்லூரியில் தேறி, எழும்பூர் மகப்பேறு மருத்துவமனையில் பணிக்குச் சேர்ந்ததன் பொருளை இந்த மூன்று சாவுகளுக்குப் பக்கத்தில் வைத்துத்தான் படிக்க வேண்டும்.

இப்போது அந்த 24 நிமிடத்துக்கு வருகிறேன். சிசேரியனை ‘எமர்ஜென்சி’, ‘பிளான் பண்ணினது’ என்று இரண்டாகத்தான் நாம் பேசுகிறோம். பிரிட்டிஷ் மருத்துவர்கள் 2000இல் அதை நான்காகப் பிரித்தார்கள். முதல் வகையில் தாய்க்கோ சிசுவுக்கோ உடனடி உயிராபத்து. தொப்புள்கொடி முன்னால் சரிந்துவிட்டது, நஞ்சு பிரிந்து இரத்தம் கொட்டுகிறது, பழைய தழும்பு பிளக்கிறது, சிசுவின் இதயத்துடிப்பு விழுந்துவிட்டது. 30 நிமிடத்துக்குள் குழந்தை வெளியே வர வேண்டும் என்பது அங்குள்ள வழிகாட்டுதல். இரண்டாம் வகையில் பாதிப்பு தொடங்கிவிட்டது, ஆனால் அந்த நொடியே உயிர் போகாது. பெரும்பாலும் 75 நிமிடத்துக்குள். மூன்றாவதில் இருவரும் நலம், ஆனாலும் தள்ளிப்போட முடியாது. நான்காவது, பெண்ணுக்கும் மருத்துவக் குழுவுக்கும் தோதான நாளில். இந்தப் பிரிவினையில் எனக்குப் பிடித்தது, அது கேட்கும் ஒரே கேள்வி: இந்த உடல் எவ்வளவு நேரம் தாங்கும்? கமலவதியிடம் அதை யாரும் கேட்கவில்லை.

நான்காம் வகையில்தான் பஞ்சாங்கம் திரும்பவும் உள்ளே வருகிறது. என் நாத்தனாரோடு ஒரு மருத்துவமனையில் காத்திருந்தபோது, பக்கத்தில் ஒரு மாமியார் நட்சத்திரமும் நேரமும் எழுதிய சீட்டை நர்சிடம் நீட்டினார். படுத்திருந்த பெண் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். காரணம் ஏதுமில்லாத சிசேரியனை 39 வாரம் முடியுமுன் செய்தால் குழந்தைக்கு மூச்சுத்திணறல் வரும் வாய்ப்பு கூடும். ராசிபலன் இதைச் சொல்லாது.

2019–21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டுப் பிரசவங்களில் 44.9 சதவீதம் சிசேரியன். தனியார் மருத்துவமனைகளில் 63.8, அரசு மருத்துவமனைகளில் 36. நாடு முழுவதற்கும் 21.5தான். ஒரு நாட்டின் சிசேரியன் விகிதம் 10 சதவீதத்தைத் தாண்டியபின் அதனால் தாய், சிசு இறப்பு மேலும் குறைவதாகத் தெரியவில்லை என்று உலக சுகாதார நிறுவனம் 2015இல் சொன்னது. கத்தி போய்ச்சேராமல் செத்த பெண்களின் மண்ணில் இன்று தேவையில்லாத கத்தியும் விழுகிறது. இதற்கு ‘வலி தாங்காத இந்தக் காலத்துப் பொண்ணுங்க’ என்று பெண்ணையே குற்றம் சொல்வது சௌகரியமான பேச்சு. பிரசவ அறையில் கூட ஓர் ஆள் இல்லாமல், திட்டு வாங்கிக்கொண்டு, வலியைக் குறைக்க எதுவும் தரப்படாமல் படுத்திருக்கிறவள் ‘கத்தியே வைங்க’ என்று சொன்னால் அதைத் தேர்வு என்று எப்படிச் சொல்வது?

‘சுகப்பிரசவம்’ என்ற சொல்லும் எனக்கு உறுத்துகிறது. அது சுகம் என்றால் மற்றவளுடையது என்ன? ‘நான் கத்தி படாமப் பெத்தவ’ என்று பெருமை பேசும் வாய், அறுத்துப் பெற்றவளைப் பாதி அம்மாவாக்கிவிடுகிறது.

வீடு திரும்பியபின் அவள் உடம்பைப் பற்றிய பேச்சு நின்றுவிடும். தோல், கொழுப்பு, தசையுறை, வயிற்றின் உட்சவ்வு, கருப்பை என்று வெட்டித் தைத்த உடம்பு அது. ஆறு வாரமாவது குழந்தையைவிடக் கனமான எதையும் தூக்கக் கூடாது. தண்ணீர்க்குடமும் சிலிண்டரும் அதில் சேர்த்தி. பச்சை உடம்பு என்று அன்பாகச் சொல்லும் நம் ஊர்தான், ‘தண்ணி குடிச்சா புண்ணு சீழ் புடிக்கும்’ என்று தாகத்தோடு கிடத்துகிறது. தண்ணீர் வேண்டும், பால் சுரக்கவும் மலச்சிக்கல் வராமலிருக்கவும். சீக்கிரம் எழுந்து நடக்கவும் வேண்டும். படுத்தே கிடந்தால் காலில் இரத்தம் உறையும். ஒரு கெண்டைக்கால் மட்டும் வீங்கி வலித்தாலோ, மூச்சு வாங்கினாலோ, காய்ச்சலோ, நாற்றமடிக்கும் போக்கோ இருந்தாலோ பத்திய மருந்தோடு நிற்காமல் மருத்துவமனைக்குப் போக வேண்டும். முதுகில் போட்ட ஊசியால்தான் ஆயுளுக்கும் இடுப்புவலி என்கிறார்கள். ஆய்வுகள் அதற்கு ஆதாரம் தரவில்லை. கர்ப்பம் தளர்த்திய மூட்டுகளுக்கும், குனிந்தபடியே பால் கொடுத்த மாதங்களுக்கும், ஓய்வில்லாத வேலைக்கும் அந்த வலியில் பங்குண்டு. ஊசியைக் குற்றம் சொன்னால் வீட்டை யாரும் கேட்க மாட்டார்கள்.

முத்துலட்சுமி பெயரில் இன்று அரசு மகப்பேறு நிதியுதவி தருகிறது. 2018 முதல் 18,000 ரூபாய். அதற்கான தாள்களைப் பத்திரப்படுத்தும் பிள்ளைகளிடம், டிஸ்சார்ஜ் தாளையும் வாசித்துப் பார்க்கச் சொல்கிறேன். ஏன் சிசேரியன் செய்தார்கள், எவ்வளவு அவசரம், கருப்பையில் குறுக்காகக் கீறினார்களா நெட்டுக்குத்தாகவா என்பது அதில் இருக்க வேண்டும். வெளித்தழும்பைப் பார்த்து உள்தழும்பைச் சொல்ல முடியாது. அடுத்த முறை வலி எடுத்துப் பெறலாமா, மறுபடி அறுக்க வேண்டுமா என்று பார்க்கப்போகும் மருத்துவர் முதலில் கேட்பதும் அதைத்தான். எழுதியிருக்காவிட்டால், கிளம்புவதற்குள் கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.