கோல் கஞ்சன் ஹபாஸ்

மேகமலையில் இருந்துகொண்டு கால்பந்து பார்ப்பது ஒரு தவம் மாதிரி. மேகம் கீழே இறங்கினால் டிஷ் சிக்னல் போயிடும். கோல் விழுந்ததா இல்லையா என்று அடுத்த நாள் சின்னமனூரில் இருந்து பேப்பர் வந்தால்தான் தெரியும். அதனால் 2014 டிசம்பர் 20ந் தேதி, முதல் ஐஎஸ்எல் இறுதிப்போட்டி அன்று, ரிஸ்க் எடுக்கவில்லை. மதியமே பஸ் பிடித்து பதினெட்டு கொண்டை ஊசி வளைவும் இறங்கி, சின்னமனூர், உத்தமபாளையம், கம்பம் தாண்டி குமுளிக்கே போய்விட்டேன். கூட்டாளி ஒருத்தன் அங்கே ஏலக்காய் கடையில் கணக்கெழுதிக்கொண்டிருந்தான்.

டீக்கடை பூரா மஞ்சள் சட்டை. சச்சினோட கேரளா பிளாஸ்டர்ஸ், கங்குலியோட அட்லெட்டிகோ டி கொல்கத்தா. கேரளாக்காரர்கள் முட்டி மோதுகிறார்கள், கோல் மட்டும் விழவில்லை. "மாப்ள, எக்ஸ்ட்ரா டைம்தான், இன்னொரு டீ சொல்லு"ன்னான் கூட்டாளி. டீ வருவதற்குள், காயங்களுக்காகக் கூட்டிக் கொடுத்த நேரத்தில், மாற்று ஆட்டக்காரராக இறங்கிய முகமது ரஃபீக் தலையால் ஒரு முட்டு முட்டினார். 1-0. அவ்வளவுதான். கடையில் ஒரு சத்தம் இல்லை.

டிவியில் ஒரு வழுக்கைத்தலை பெரியவரைக் காட்டினார்கள். கொல்கத்தாவின் பயிற்சியாளர், ஸ்பெயின்காரர், அன்டோனியோ லோபஸ் ஹபாஸ். "பார்றா, ஒரே ஒரு கோல் போட்டுட்டு கோப்பையைத் தூக்கிட்டுப் போறான் கஞ்சப்பய"ன்னு நான்தான் சொன்னேன். அந்தப் பட்டப்பெயர் எங்க வட்டத்தில் அப்படியே ஒட்டிக்கொண்டது.

சும்மா சொல்லவில்லை மக்களே, கணக்கைப் பாருங்கள். அந்த சீசனில் கொல்கத்தா லீக் சுற்றில் ஆடியது 14 ஆட்டம். ஜெயித்தது 4, டிரா 7, தோல்வி 3. மொத்தம் 19 புள்ளி, மூன்றாம் இடம். அரையிறுதியில் கோவாவோடு ரெண்டு ஆட்டமும் 0-0, பெனால்டியில் 4-2. இறுதியில் ஒரே கோல். ஆக, பெனால்டியை விட்டுவிட்டால் 17 ஆட்டத்தில் ஐந்தே ஐந்து வெற்றி, கையில் கோப்பை! லீக்கில் 23 புள்ளியோடு முதலிடம் பிடித்த நம்ம சென்னையின் அரையிறுதியோடு வீட்டுக்கு வந்துவிட்டது. வயிறு எரியுமா எரியாதா?

*

ஆள் யாரென்று அப்புறம்தான் தேட ஆரம்பித்தேன். 1957ல் தெற்கு ஸ்பெயினில், அந்தலூசியாவில் உள்ள போசோபிளாங்கோ என்ற ஊரில் பிறந்தவர். ஆட்டக்காரராக இருந்த காலத்தில் தடுப்பாட்டக்காரர். (அடடே, அதான் விஷயமா!) 1995ல் கோபா அமெரிக்காவில் பொலிவியா தேசிய அணிக்குப் பயிற்சியாளர், அந்த அணி காலிறுதி வரை போனது. அப்புறம் வலென்சியா. 2004ல் லா லிகா, யூஈஎஃப்ஏ கோப்பை ரெண்டையும் தூக்கிய கிளப். அங்கே ரனியேரிக்கு உதவியாளர். 2005 பிப்ரவரியில் ரனியேரியை வீட்டுக்கு அனுப்பியபோது, மிச்ச சீசனுக்கு "நீ பார்த்துக்கோப்பா" என்று இவர் தலையில் கட்டினார்கள். ஏழாவது இடம். அடுத்த சீசனுக்கு வேறு ஆள்.

பிறகு தென்னாப்பிரிக்கா போனார். மமெலோடி சன்டவுன்ஸ், பிட்வெஸ்ட் விட்ஸ். அதற்கப்புறம்தான் கொல்கத்தா. அப்போது அட்லெட்டிகோ மாட்ரிட் கிளப்பும் கொல்கத்தா அணியில் பங்குதாரர் என்பதால் ஸ்பெயின் சரக்கு நேரடியாக இறங்கியது. வரும்போது வயது 57. நம்ம ஊரில் அப்போதெல்லாம் ஓய்வூதியத்துக்கு ஃபைல் தயார் செய்த வயது!

*

2015ல் கணக்கு தீர்ந்தது. அரையிறுதியில் சென்னையினும் கொல்கத்தாவும். டிசம்பர் மழையில் சென்னையே மூழ்கிக் கிடந்ததால் நம்ம 'சொந்த ஊர்' ஆட்டத்தை புனேயில் நடத்தினார்கள். ஊர் தண்ணீரில் கிடக்கும்போது பசங்கள் 3-0 என்று அடித்தார்கள். கொல்கத்தாவில் நடந்த ரெண்டாவது ஆட்டத்தில் 2-1 என்று தோற்றாலும், மொத்தத்தில் 4-2. கோவாவை வென்று கோப்பையும் வந்தது. நான் சின்னமனூரில் லட்டு வாங்கிக் கொடுத்தேன்.

2016ல் ஹபாஸ் எஃப்சி புனே சிட்டிக்குப் போனார். அரையிறுதிக்கே வரவில்லை. அத்தோடு இந்தியாவில் அவர் கதை முடிந்தது என்றுதான் எல்லாரும் நினைத்தோம்.

மனுஷன் 2019ல் திரும்ப அதே கொல்கத்தாவுக்கு வந்தார். பின்னால் மூணு தடுப்பாட்டக்காரர்கள், முன்னால் ராய் கிருஷ்ணாவும் டேவிட் வில்லியம்ஸும். 2020 மார்ச் 14, கோவாவின் ஃபடோர்டா மைதானம், கொரோனா பயத்தில் ஒரு ரசிகர்கூட உள்ளே இல்லை. எதிரணி யார்? நம்ம சென்னையினேதான். ஹாவி எர்னாண்டஸ் ரெண்டு, எடு கார்சியா ஒண்ணு. நமக்கு வால்ஸ்கிஸ் ஒண்ணு. 3-1. ஐஎஸ்எல் கோப்பையை ரெண்டு முறை வென்ற முதல் பயிற்சியாளர் ஆனார் ஹபாஸ். அன்று மட்டும் கஞ்சன் மூணு கோல் போட்டுக்கொண்டான், பாவி.

அடுத்த சீசனில் மும்பை சிட்டி இவரை ரெண்டு முறை அழ வைத்தது. லீக்கின் கடைசி ஆட்டத்தில் தோற்று, 40க்கு 40 என்று புள்ளி சமமாகி கேடயம் போனது. 2021 மார்ச் 13 இறுதிப்போட்டியில் 90வது நிமிஷத்தில் பிபின் சிங் கோல், கோப்பையும் போனது. 2014ல் குமுளி டீக்கடையில் நான் பார்த்த அதே மாதிரி கடைசி நேரத்து அடி, இந்த முறை இவருக்கு. அந்த வருஷ டிசம்பரில் வேலையும் போனது.

2024 ஜனவரியில் மூன்றாவது தடவையாகக் கூப்பிட்டார்கள். இப்போது கிளப்பின் பெயர் மோகன் பகான் சூப்பர் ஜயன்ட். மார்ச் 31 அன்று உடம்பு முடியாமல் அவர் வராத ஆட்டத்தில் சென்னையின் 3-2 என்று ஜெயித்தது. சந்தோஷப்பட்டேன், மறைக்கவில்லை. ஆனால் ஏப்ரல் 15ல் அதே மும்பையோடு லீக்கின் கடைசி ஆட்டம். டிரா ஆனால் கேடயம் மும்பைக்கு. ஹபாஸ் 2-1 என்று ஜெயித்தார். 48 புள்ளி, மும்பைக்கு 47. ஒரு புள்ளி வித்தியாசத்தில் காரியத்தை முடிப்பதில்தான் இவருக்கு என்ன ஒரு குஷி! மூணே வாரத்தில், இறுதிப்போட்டியில், மும்பை 3-1 என்று பதிலடி கொடுத்தது வேறு கதை.

*

2014 முதல் 2024-25 வரை பதினோரு ஐஎஸ்எல் சீசன். கோப்பை வென்ற பயிற்சியாளர்களில் ஸ்பெயின்காரர்கள் எட்டு முறை. ஹபாஸ் ரெண்டு, மொலினா ரெண்டு, அப்புறம் குவாட்ரட், லொபேரா, மனோலோ மார்க்கெஸ், ஃபெராண்டோ ஆளுக்கு ஒண்ணு. மிச்சம் மூன்றில் ரெண்டு, இத்தாலிக்காரர் மடராஸியும் இங்கிலாந்துக்காரர் கிரெகரியும் நமக்கு வாங்கிக் கொடுத்தவை. இதில் காலரைத் தூக்கிவிட்டுக்கொள்ளத் தப்பில்லை :-)

ஆனால் இத்தனை பேரில் நான் ஏன் ஹபாஸைப் பிடித்துக்கொண்டேன்? இவர் வேலை பார்த்த கிளப்புகளைப் பாருங்கள். எஃப்சி புனே சிட்டி 2019ல் கலைந்தது. 1921ல் தொடங்கிய விட்ஸ், 2020ல் விற்கப்பட்டு மறைந்தது. அட்லெட்டிகோ டி கொல்கத்தா 2017ல் ஏடிகே ஆகி, 2020ல் மோகன் பகானோடு சேர்ந்து, 2023ல் அந்த ஏடிகே என்ற எழுத்தும் அழிந்தது. நம்ம பக்கமும் இதே கதைதான். கோயம்புத்தூரில் ஆடிய சென்னை சிட்டி எஃப்சி, ஸ்பெயின் ஆட்டக்காரர்களை வைத்து 2018-19ல் ஐ-லீக்கே ஜெயித்தது. 2020-21க்கு அப்புறம் ஐ-லீக்கில் அந்தப் பெயரே இல்லை. நேரு ஸ்டேடியத்தில் கத்தியவர்கள் இப்போது யாருக்காகக் கத்துவது?

முதலாளி மாறலாம், பெயர் மாறலாம், சட்டை நிறம் மாறலாம். ஹபாஸ் கையில் இருந்தது ஒரே ஒரு வித்தை: கதவைச் சாத்து, பொறு, கிடைத்த ஒரு வாய்ப்பை விடாதே. அதை ஒரு பையில் போட்டுக்கொண்டு ஊர் ஊராகப் போனார். எங்க மலையில் எஸ்டேட் கைமாறினாலும் கவ்வாத்து வெட்டுகிறவர் அதே கத்தியோடு அடுத்த வேலைக்குப் போவார். அது ஞாபகம் வந்தது.

கடைசியாக 2024-25ல் ஒரு படி கீழே இறங்கி, ஐ-லீக்கில் வாரணாசியின் இன்டர் காசிக்குப் போனார். சீசன் முடிவில் சர்ச்சில் பிரதர்ஸ் 40 புள்ளி, காசி 39. தகுதியில்லாத ஆட்டக்காரர் விவகாரம் வழக்காகி, சுவிட்சர்லாந்தில் உள்ள விளையாட்டு நடுவர் மன்றம் வரை போனது. 2025 ஜூலை 18ல் காசிதான் சாம்பியன் என்று தீர்ப்பு. வயது 68. இந்த முறை கூடுதல் நேரம் மூன்று மாதத்துக்கும் மேல்!

தீர்ப்பு வந்த அன்று குமுளிக் கூட்டாளிக்குப் போன் போட்டேன். "கஞ்சப்பய மறுபடியும் ஜெயிச்சுட்டான்டா"ன்னேன்.

"மாப்ள, இன்னுமா அவரைக் கஞ்சங்கிறே? கையில இருக்கறதை வச்சுக் குடும்பம் நடத்துன மனுஷன்டா"ன்னான்.

கணக்கெழுதுகிறவன் சொன்னால் சரியாகத்தான் இருக்கும்.