பென்ஷன் பிச்சையா, சொத்தா?

மேற்குத் தாம்பரத்தில் பக்கத்து வீட்டுப் பெரியவருக்கு பென்ஷனில் திடீர்னு பிடித்தம். சர்வீஸில் இருந்தப்போ சம்பளம் கூடுதலா கொடுத்துட்டாங்களாம். அவருக்காகப் பழைய தீர்ப்புகளைப் புரட்டினேன்.

ஓய்வூதியம் அரசு போடும் பிச்சையல்ல, ஊழியரின் சொத்து என்று 1971-இல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 1978-இல் சொத்துரிமை அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்து போனது; ஆனால் சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் யார் சொத்தையும் பறிக்க முடியாது என்று பிரிவு 300-ஏ வந்தது. அதை வைத்துத்தான் 2013-இல் ஜார்க்கண்ட் வழக்கில், வெறும் அரசாணையைக் காட்டி பென்ஷனை நிறுத்தக்கூடாது என்றார்கள். 2014-இல் ரஃபீக் மசீ வழக்கு: நிர்வாகத்தின் தவறால் கூடுதலாகப் போன பணத்தை ஓய்வுபெற்றவரிடம் வசூலிக்கக்கூடாது. ஆனால் 'கூடுதலா வந்தா திருப்பித் தர்றேன்' என்று எழுதிக் கொடுத்திருந்தால், 2016 ஜக்தேவ் சிங் தீர்ப்புப்படி கதை வேறு.

"ஐயா, அப்படி எதிலாவது கையெழுத்துப் போட்டீங்களா?" என்றேன்.

"முப்பது வருஷ சர்வீஸ்ல போடாத கையெழுத்தா, தம்பி?"