அகராதியில் குடியேறிய பேய்ச்சொல்

"அகராதியிலேயே இருக்கிறது" என்று ஒருவர் சொல்லிவிட்டால், ஒரு சொல்லைப் பற்றிய வழக்கு அத்துடன் முடிந்துவிடுகிறது. அரிய ஆங்கிலச் சொற்களைத் தேடிச் சேர்க்கும் நண்பர்களுக்கு இந்த நம்பிக்கை சற்று அதிகமாகவே உண்டு. அதை அசைத்துப் பார்த்த ஒரு சொல்லின் வரலாறு இது.

அமெரிக்காவில் 1934இல் வெளிவந்த வெப்ஸ்டர் அகராதியின் பெரும்பதிப்பில், 771ஆம் பக்கத்தில், 'டார்டு' என்றொரு சொல் இடம்பெற்றது. பெயர்ச்சொல், இயற்பியலுக்கும் வேதியியலுக்கும் உரியது, பொருள், அடர்த்தி. உச்சரிப்பும் முறையாகக் குறிக்கப்பட்டிருந்தது; 'லார்டு' என்பதற்கு எதுகையாக ஒலிக்க வேண்டும். ஆனால், அப்படி ஒரு சொல்லை எந்த அறிவியலாளரும் வழங்கியதில்லை.

நடந்தது இதுதான். அகராதியின் வேதியியல் பதிப்பாசிரியர் ஆஸ்டின் பாட்டர்சன், 1931 ஜூலை 31 அன்று ஒரு சீட்டு அனுப்பினார். அடர்த்தியைச் சுருக்கமாகக் குறிக்கப் பெரிய 'டி' அல்லது சிறிய 'டி' எழுதலாம் என்பதே அதன் செய்தி. ஆங்கிலத்தில் அது 'டி ஆர் டி'. சுருக்கக்குறிகளின் அடுக்கில் சேர வேண்டிய அச்சீட்டு, சொற்களின் அடுக்கில் சேர்ந்துவிட்டது. தலைச்சொற்களை எழுத்துக்கு எழுத்து இடைவெளி விட்டுத் தட்டச்சு செய்வது அங்கே வழக்கம். ஆகவே 'டி ஆர் டி' என்னும் மூன்று சொற்கள் ஒரே சொல்லாகப் படிக்கப்பட்டன. அதற்கு உச்சரிப்பும் வகுத்தாயிற்று.

1939 பிப்ரவரி 28 அன்று, இச்சொல்லுக்கு வேர் எதுவும் தரப்படவில்லை என்பதைப் பதிப்பாசிரியர் ஒருவர் கவனித்தார். விசாரணையில் குட்டு வெளிப்பட்டது. 1947ஆம் ஆண்டு அச்சில் 'டார்டு' மறைந்தது.

இத்தகையவற்றுக்குப் 'பேய்ச்சொற்கள்' என்ற பொருள்படும் பெயரை 1886இலேயே சூட்டியவர் ஆங்கிலச் சொல்லாய்வாளர் வால்டர் ஸ்கீட். எனினும் எல்லாப் பேய்களும் விரட்டப்பட்டதில்லை. நம் வீடுகளிலும் புழங்கும் 'சிலபஸ்' அப்படிப்பட்டதே. ரோமானிய அறிஞர் சிசரோவின் கடிதங்களில், நூற்சுருளில் ஒட்டும் பெயர்ச்சீட்டைக் குறிக்கும் 'சிட்டிபா' என்ற கிரேக்கச் சொல் வருகிறது. 15ஆம் நூற்றாண்டில் அச்சான பதிப்புகளில் அது பிழையாகப் படிக்கப்பட்டு உருமாறியது. அந்தப் பிழையின் வாரிசுதான் இன்றைய பாடத்திட்டம்!

இரண்டும் பிழையில் பிறந்தவையே. ஒன்றை மக்கள் எடுத்தாண்டார்கள், அது நிலைத்தது. மற்றொன்றை எவரும் நாவில் ஏற்றவில்லை, அது அழிந்தது. ஒரு சொல் வழங்கியதற்கு அகராதி சாட்சி மட்டுமே; சாட்சியும் சில வேளை தவறலாம். எனவே அரிய சொல் ஒன்றைக் காணும்போது, அதன் பொருளோடும் ஒலியோடும் நின்றுவிட வேண்டாம். அதை யாரேனும் ஒரு வாக்கியத்தில் வழங்கியிருக்கிறார்களா என்றும் தேடிப் பார்ப்போம்.