ஒட்டி எழுதினால் ஒருவருக்கு, பிரித்து எழுதினால் ஊருக்கு

நெய்வேலி நகரியத்தின் எல்லைக்கு வெளியே, பண்ருட்டி செல்லும் நெடுஞ்சாலையை ஒட்டி இருக்கிறது வடக்குத்து. 1934இல் ஜம்புலிங்க முதலியார் தம் நிலத்தில் நீருக்காகக் கிணறு தோண்டியபோது கரிய பொருள் மேலெழுந்ததும், பல ஆய்வுகளுக்குப் பின் 1956இல் நெய்வேலி பழுப்பு நிலக்கரி நிறுவனம் தோன்றியதும் இப்பகுதியில் பள்ளிப் பிள்ளைகளும் சொல்லும் வரலாறு. நிறுவனம் வந்ததும் தமிழகத்தின் பல மாவட்டங்களிலிருந்தும் குடும்பங்கள் வந்து சேர்ந்தன. திருநெல்வேலிக்காரரும் தஞ்சாவூர்க்காரரும் வடாற்காட்டுக்காரரும் ஒரே வட்டத்தில் அடுத்தடுத்த வீடுகளில் வாழ்ந்தனர். வேலை கிடைத்தது, குடியிருப்பும் கிடைத்தது. பிள்ளைகள் வளர்ந்து ஆளானபோது வரன் தேடுவதுதான் பெரும்பாடாயிற்று. சொந்த ஊர் என்றால் தரகர் வருவார், அத்தை வழியில் ஒரு செய்தி வரும், கோயில் திருவிழாவில் யாரோ யாரையோ காட்டுவார்கள். இங்கே ஞாயிற்றுக்கிழமை நாளிதழின் 'மணமகள் தேவை' பத்திகளே கதி.

அந்தப் பத்திகளின் மொழியைப் பற்றித் தனியே ஒரு கட்டுரை எழுதலாம். வரிக்கு இவ்வளவு என்று கட்டணம் என்பதால் ஒரு மனித வாழ்வு முழுவதும் நட்சத்திரம், உயரம், படிப்பு, சம்பளம் என்று சுருங்கி நான்கு வரியில் அடங்கிவிடும். விளம்பரம் கொடுத்தவர் தாம் எழுதிய சொற்களுக்குக் காசு எண்ணிக் கொடுத்தார். படித்தவருக்கு நாளிதழின் விலை மட்டுமே செலவு. இந்தக் கணக்கை வாசகர்கள் சற்று நினைவில் வைத்துக்கொள்ள வேண்டுகிறோம்.

2000ஐ ஒட்டிய ஆண்டுகளில் வடக்குத்து, இந்திரா நகர்ப் பக்கம் பிரவுசிங் சென்டர்கள் முளைத்தன. ஒட்டுப்பலகைத் தடுப்புகளுக்கு நடுவே ஒரு கணிப்பொறி, ஒரு முக்காலி. தேர்வு முடிவு பார்க்க வந்த மாணவர்களுக்கு நடுவே, பிளாஸ்டிக் உறையில் ஜாதக நகலோடு பெற்றோர் சிலர் காத்திருப்பதை நாம் கண்டிருக்கிறோம். கடையை நடத்தும் பையன் தேடுபொறியைத் திறந்து, ஆங்கில எழுத்தில் 'தமிழ் மேட்ரிமோனி' என்று இரண்டு சொற்களைத் தட்டுவான். முதலில் எது வந்ததோ அதைச் சொடுக்குவான். அந்தப் பக்கத்தின் ஓரத்தில் இருந்தவை விளம்பரங்களா, தேடலின் விடைகளா என்று அவனும் சொன்னதில்லை, அவர்களும் கேட்டதில்லை.

ஏன் ஆங்கில எழுத்தில்? தமிழில் தட்டினால் ஒன்றும் அகப்படாது என்பதுதான் காரணம். அக்காலத்தில் தமிழ் இணையம் எழுத்துருக்களால் பல தீவுகளாகப் பிரிந்து கிடந்தது. புலம்பெயர்ந்த தமிழர்களின் முயற்சியில் உருவான திஸ்கி ஒரு பக்கம். 1999 பிப்ரவரியில் சென்னையில் நடந்த தமிழ் இணைய மாநாட்டையொட்டி வந்த 'டாம்', 'டாப்' தரங்கள் இன்னொரு பக்கம். இதழ்களும் நாளேடுகளுமோ ஆளுக்கொரு குறியேற்றம் வைத்திருந்தன. கண்ணுக்குத் தமிழாகத் தெரிந்தது, தேடுபொறிக்கு வெறும் கிறுக்கலாகத் தெரிந்தது. ஒருங்குறி மெல்லப் பரவி, தமிழக அரசு அதைத் தரமாக ஏற்று ஆணையிட்டது 2010 ஜூனில், கோவை செம்மொழி மாநாட்டுக் காலத்தில். அதற்குள் ஒரு தலைமுறைக்கு, தமிழ் தொடர்பான எதையும் ஆங்கில எழுத்தில் தேடும் வழக்கம் கையில் படிந்துவிட்டிருந்தது.

பிரவுசிங் சென்டர்ப் பையன் செய்ததையே உலகம் முழுவதும் செய்துகொண்டிருந்தார்கள். 1998இல் ஆல்டாவிஸ்டா தேடுபொறியின் ஆறு வாரப் பதிவேட்டை, ஏறத்தாழ நூறு கோடி வேண்டுகோள்களை, ஆய்வாளர்கள் எடுத்துப் பார்த்தார்கள். ஒரு தேடலில் சராசரியாக 2.35 சொற்களே இருந்தன. நூற்றுக்கு 85 முறை மக்கள் முதல் திரையைத் தாண்டிச் செல்லவேயில்லை. ஆல்டாவிஸ்டாவில் பணியாற்றிய ஆந்திரே பிரோடர் 2002இல் எழுதிய கட்டுரையில் இன்னொன்றைச் சுட்டினார். தகவல் அறிவதற்காகத் தேடுபவர்கள் பாதிக்கும் குறைவு. மற்றவர்கள் தமக்கு ஏற்கெனவே தெரிந்த தளத்துக்கு வழி கேட்கிறார்கள், அல்லது ஏதேனும் ஒன்றை முடித்துக்கொள்ள, வாங்கவோ பதிவு செய்யவோ, வருகிறார்கள். நூலகத்தைப் போல நாம் மனத்தில் வரைந்து வைத்திருந்த தேடுபொறி, உண்மையில் பேருந்து நிலைய விசாரணைச் சன்னலாகவும் கடைத்தெருவாகவும் இருந்தது.

வணிகர்களுக்கு இதன் பொருள் உடனே விளங்கியது. இரண்டு சொல், ஒரு திரை. அந்தத் திரையில் இல்லாத கடை, பூட்டிய கடை. 1998இல் 'கோடூ' என்ற அமெரிக்க நிறுவனம் தேடுசொற்களை ஏலம் விடத் தொடங்கியது. கூகிள் 2000 அக்டோபரில் ஆட்வேர்ட்ஸ் என்ற விளம்பர முறையைத் தொடங்கி, 2002இல் சொடுக்குக்கு இவ்வளவு என்ற ஏலத்துக்கு மாறியது. ஒருவர் ஒரு சொல்லைத் தேடும் அதே நொடியில், அச்சொல்லின் மேல் விலை கூறியிருப்பவர்களுக்குள் போட்டி நடந்து இடம் தீர்மானமாகிறது. நாளிதழ்ப் பத்தியின் கணக்கு இங்கேதான் தலைகீழானது. அங்கே விலைபோனது விளம்பரதாரர் எழுதிய சொல். இங்கே விலைபோவது, தேடுகிறவர் தம் தேவையைச் சொல்லத் தட்டுகிற சொல். அவருடைய சொல் ஏலத்தில் இருப்பது அவருக்குத் தெரியவும் தெரியாது.

இப்போது சென்னைக்கு வருவோம். சென்னையில் பிறந்து அமெரிக்காவில் மென்பொருள் பணியில் இருந்த முருகவேல் ஜானகிராமன், 1997இல் அங்குள்ள தமிழர்களுக்காக ஓர் இணையதளம் தொடங்கினார். நாள்காட்டி, பண்டிகைச் செய்தி இவற்றோடு வரன் தேடும் பகுதியும் அதில் இருந்தது. மற்றவற்றைவிட மக்கள் நாடியது அதைத்தான். அதிலிருந்தே பாரத் மேட்ரிமோனி வளர்ந்தது. தமிழ், தெலுங்கு, அசாமி என மொழிவாரியாகத் தளங்கள் கிளைத்தன. சாதிவாரியாகவும் தனித்தளங்கள் வந்தன. (உலகையே வலைவீசித் தேடும் கருவி கைக்கு வந்தபின்னும் அதில் நம்மவர் தேடியது பழைய உட்பிரிவைத்தான் என்பதை இங்கே குறித்துவிட்டு நகர்கிறோம்.) கன்சிம் இன்ஃபோ என்ற பெயரில் அப்போது இயங்கிய அந்நிறுவனம், இத்தளப் பெயர்களை வணிகக் குறிகளாகப் பதிவு செய்திருந்தது.

கூகிள், பிறருடைய வணிகக் குறிகளையும் விளம்பரச் சொற்களாக ஏலத்தில் எடுக்க 2004இல் அமெரிக்காவில் இடங்கொடுத்தது. 2009இல் மேலும் பல நாடுகளுக்கு அதை விரித்தது. கன்சிம்மின் குறை இதுதான்: எங்கள் பெயரைத் தட்டி எங்களைத் தேடி வருகிறவர் கண்ணில் போட்டியாளரின் விளம்பரம் படுகிறது, எங்கள் பெயரைச் சொல்லி வந்த வாடிக்கையாளரைத் தக்கவைக்க, எங்கள் பெயரையே நாங்கள் ஏலத்தில் எடுக்க வேண்டியிருக்கிறது. 2009இல் கூகிள் இந்தியா மீதும், போட்டித் தளங்களை நடத்திய மூன்று நிறுவனங்கள் மீதும் சென்னை உயர் நீதிமன்றத்தில் அது வழக்குத் தொடுத்தது. தேடுசொல்லின் உரிமை குறித்து இந்திய நீதிமன்றங்கள் விரிவாக ஆராய்ந்த முதல் வழக்குகளில் இது ஒன்று.

வழக்கின் உயிர்நிலை ஓர் இடைவெளியில் இருந்தது என்றால் மிகையாகாது. பதிவு செய்த குறிகளில் இரு சொற்களும் இடைவெளியின்றி ஒட்டி நிற்பவை. மக்கள் தேடும்போது தட்டுவதோ பெரும்பாலும் இரண்டு தனிச்சொற்கள். ஒட்டி எழுதினால் அது ஒரு நிறுவனத்தின் பெயர். பிரித்து எழுதினால், தமிழ்த் திருமணம் என்று பொருள்படும் பொதுச்சொல். புணர்ச்சி விதிகளில் தேர்ந்த நம் இலக்கண ஆசிரியர்கள் யாரும், ஒரு சொற்றொடரின் புணர்ச்சிமேல் கோடிக்கணக்கான ரூபாய் வணிகம் தொங்கும் என்று எண்ணியிருக்க மாட்டார்கள்.

2010 செப்டம்பர் 30 அன்று நீதிபதி வெ.இராமசுப்பிரமணியன் தீர்ப்பளித்தார். அதற்கு ஆறு மாதங்களுக்கு முன் லூயி வியூத்தோன் வழக்கில் ஐரோப்பிய நீதிமன்றம், சொற்களைச் சேமித்து வைப்பதால் மட்டும் கூகிள் அக்குறியைப் பயன்படுத்தியதாகாது, ஆனால் விளம்பரம் யாருடையது என்று சராசரி இணையப் பயனர் அறிய முடியாதபடி இருந்தால் விளம்பரதாரர் பொறுப்பாவார் என்று சொல்லியிருந்தது. சென்னையின் தீர்ப்பு வேறொரு தளத்தில் நின்றது. 'தமிழ்', 'பாரத்', 'மேட்ரிமோனி' ஆகியவை தொழிலை விவரிக்கும் சொற்கள். அதே தொழில் செய்யும் பிறர், தம் தொழில் இன்னதென்று சொல்வதற்கே அச்சொற்கள் வேண்டும். அவற்றை ஒருவருக்கென்று ஒதுக்க முடியாது. எனவே கேட்ட இடைக்காலத் தடை மறுக்கப்பட்டது. கதை அத்துடன் ஓயவில்லை, மேல்முறையீடு சென்றது. ஆனால் நமக்கு முக்கியமானது அந்த முதல் தீர்ப்பின் வாதம்தான்.

நாம் அந்த வாதத்தின் பக்கமே நிற்கிறோம், ஒரு தயக்கத்துடன். 'தமிழ்' என்ற சொல்லை ஒரு நிறுவனம் வேலியிட முடியாது என்பது நமக்கு மகிழ்ச்சியே. ஆனால் வேலி இல்லாத அந்தப் பொது நிலத்தில் நாள்தோறும் வாடகை வாங்கிக்கொண்டிருந்தது யார்? ஒருவருக்கும் சொந்தமில்லை என்று தீர்ப்பான சொல், மறுநாளும் ஏலத்துக்கு வந்தது. ஏலப் பணம் சொல்லுக்கு உரிய சமூகத்துக்கும் போகவில்லை, அதைப் புகழாக்கிய நிறுவனத்துக்கும் போகவில்லை. கன்சிம்மின் வழக்கு நமக்கு ஏற்புடையதன்று. அதன் எரிச்சல் நியாயமானது.

இன்னொரு சுவையான தற்செயல். இதே நீதியரசர் பின்னர் தினமணியின் தமிழ்மணி பகுதியில் 'சொல் வேட்டை' என்ற தொடரை நடத்தினார். ஓர் ஆங்கிலச் சொல்லைக் கொடுப்பார். வாசகர்கள் தமிழ்ச் சொற்களை அனுப்புவார்கள். எது பொருந்தும் என்று அவர் ஆராய்ந்து சொல்வார். சொல் யாருக்குச் சொந்தம் என்று நீதிமன்றத்தில் ஆராய்ந்தவர், பொதுவுடைமையாகச் சொற்களை ஆக்கும் வேலையில் வாசகர்களைக் கூட்டிச் சென்றது நம்மைப் போன்றவர்களுக்குப் பிடித்த செய்தி. 2019இல் அவர் உச்ச நீதிமன்ற நீதிபதியானார்.

கன்சிம், மேட்ரிமோனி.காம் என்று பெயர் மாறிய பின்னும் பிடியை விடவில்லை. 2012இல் இந்தியப் போட்டி ஆணையத்திடம் அது முறையிட்டிருந்தது. நுகர்வோர் அமைப்பான கட்ஸ் தனியே முறையிட்டது. ஆறு ஆண்டுகள் கழித்து, 2018 பிப்ரவரி 8 அன்று, ஆணையம் பெரும்பான்மை முடிவாகக் கூகிளுக்கு 135.86 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. வான்பயணம் தேடுகிறவர்களுக்குத் தன் சொந்தப் பகுதியைத் திரையில் முன்னிறுத்தியது உள்ளிட்டவை அதற்குக் காரணங்கள். சொற்களை ஏலம் விடும் முறையில் மட்டும் தவறு எதையும் ஆணையம் காணவில்லை. எந்தக் குறைக்காகத் தொடங்கியதோ அது நிற்க, வேறொன்றுக்கு அபராதம் கிடைத்தது. கிணறு வெட்டக் கரி கிடைத்த நெய்வேலிக் கதை நமக்கு இங்கே நினைவுக்கு வருகிறது. கூகிள் இம்முடிவை எதிர்த்து மேல்முறையீடு செய்தது.

சட்டமும் நின்ற இடத்தில் நிற்கவில்லை. சரக்குப் பெயர்ப்பு நிறுவனம் ஒன்று தொடர்ந்த வழக்கில் 2023 ஆகஸ்ட் 10 அன்று தில்லி உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வு, வணிகக் குறியைத் தேடுசொல்லாக ஏலத்தில் எடுப்பது மட்டுமே உரிமை மீறல் ஆகாது என்றது. ஆனால் கூகிள் இதில் வெறும் இடைத்தரகர் என்று ஒதுங்க முடியாது, செயலூக்கமுள்ள பங்காளி என்றும் சொன்னது. அதற்குள் தேடலின் வாசலே இடம் மாறிக்கொண்டிருந்தது. 2024 மார்ச்சில் கட்டணத் தகராறு ஒன்றில் மேட்ரிமோனி.காம் நிறுவனத்தின் செயலிகளைக் கூகிள் தன் பிளே ஸ்டோரிலிருந்து நீக்கியது. ஒன்றிய அரசு தலையிட, சில நாட்களில் அவை திரும்பின. ஏலத்தில் தோற்றால் கடை பின்வரிசைக்குப் போகும். இங்கே கடையே மறைந்துபோனது.

வடக்குத்தில் அந்தப் பிரவுசிங் சென்டர்கள் இன்று இல்லை. தேடுவது கைப்பேசியில், இப்போது தமிழிலும் வாய்மொழியாகவும். ஆனால் நெடுஞ்சாலையோரக் கடைக்காரர்களுக்கு வேறொரு சிக்கல் இருக்கிறது. ஆங்கில எழுத்தில் இவ்வூரின் பெயரை எழுதப் பல வழிகள் உண்டு. 'கே' ஒன்றா இரண்டா, 'டி'க்குப் பின் 'எச்' வருமா என்று ஆளுக்கொரு எழுத்துக்கூட்டல். வெளியூர்க்காரர் இவற்றில் எதையும் தட்டப் போவதில்லை. அவருக்குத் தெரிந்த பெயர் நெய்வேலி. ஆகவே வரைபடத்தில் தம்மைப் பதிந்துகொள்ளும்போது கடைக்காரர்கள் ஊர்ப்பெயரை விட்டுவிட்டு நெய்வேலி என்றே பதிகிறார்கள். ஒரு திருமண மண்டப உரிமையாளரிடம் நாம் இதைக் கேட்டோம். "வடக்குத்துன்னு போட்டா யாருங்க தேடுவாங்க?" என்றார். அவர் மண்டபத்தில் நடக்கும் திருமணங்களின் அழைப்பிதழ்களில் மட்டும் இன்றும் வடக்குத்து என்றே அச்சாகிறது.